பறவை இல்லீங்க, பரவை!

முதல்ல ஒரு எழுத்துப்பிழையைச் சரி பண்ணிட்டு மேட்டருக்குப் போயிடுவோம். 'பறவை முனியம்மா' இல்லீங்க, 'பரவை முனியம்மா'. சின்ன ர. பறக்கிற பறவைக்கும் அந்தம்மாவுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. பரவைங்கிறது ஊர் பேரு. மதுரையில இருந்து திண்டுக்கல் ரோட்டைப் பிடிச்சு ஃபாத்திமா காலேஜ், விளாங்குடி எல்லாம் தாண்டுனா பரவை. அடுத்து சமயநல்லூர். காய்கறி மொத்த மார்க்கெட் இருக்கிற ஊருன்னு சொன்னா மதுரைக்காரங்களுக்கு டக்குன்னு விளங்கிடும்.

இது என்ன பெரிய விஷயமான்னு கேட்கலாம். பெரிய விஷயம்தான். வாழ்நாள் பூரா தன் பேருக்கு முன்னாடி ஊர் பேரைச் சுமந்துக்கிட்டு மேடை ஏறுன ஒரு பாடகி. அந்த ஊர் பேரைக்கூட சரியா எழுதாம, செய்தியில இருந்து யூட்யூப் தலைப்பு வரைக்கும் 'பறவை'ன்னு பறக்க விட்டுக்கிட்டு இருக்கோம். பேரையே கவனிக்காத நாம, அவங்க பண்ணுன வேலையை எந்த லட்சணத்துல கவனிச்சிருப்போம்? அதைப் பத்தித்தான் இந்தப் பதிவு.

2020 மார்ச் 29ம் தேதி அவங்க காலமானாங்க. கொரோனா ஊரடங்கு ஆரம்பிச்சு ஒரு வாரம்கூட ஆகலை. ஊரே கதவைச் சாத்திக்கிட்டு, கபசுரக் குடிநீரும் கையுமா டிவி முன்னாடி உட்கார்ந்திருந்த நேரம். வேற நேரமா இருந்தா கிராமியக் கலைஞர்கள் நாலு திசையில இருந்தும் வந்து கூடியிருப்பாங்க. ஊரூராப் போயி பாடுன ஒரு குரலுக்கு, கூட்டமே கூடக்கூடாதுங்கிற வாரத்துல சாவு வந்தது.

அன்னைக்கு டிவியில கீழே ஓடுன செய்தி என்ன? 'தூள் பட நடிகை பரவை முனியம்மா காலமானார்'. எல்லா இடத்துலயும் ஏறக்குறைய இதேதான். 'தூள் பட நடிகை'. இந்த ரெண்டரை வார்த்தையோடதான் எனக்குச் சண்டை.

என் கட்சி இதுதான். பரவை முனியம்மாவை சினிமாவுல வந்த ஒரு துணை நடிகையா நினைக்கிறது தலைகீழ் பாடம். அவங்க வாழ்க்கைங்கிற கதையில தெம்மாங்குதான் கதாநாயகி. சினிமாதான் நடுவுல வந்து நாலு சீன்ல தலைகாட்டுன துணை நடிகர். நாமதான் அந்த நாலு சீனை மட்டும் பார்த்துட்டு முழுப்படமும் பார்த்துட்டதா பேசிக்கிட்டு இருக்கோம்.

*

தெம்மாங்கு மேடைன்னா என்னன்னு சென்னைப் பதிவர்களுக்கும் வெளிநாட்டு வாழ் நண்பர்களுக்கும் கொஞ்சம் சொல்லணும். மதுரைக்காரங்க ரெண்டு பத்தி தாண்டிப் போயிக்கலாம் :-)

பங்குனி, சித்திரை, வைகாசி வந்துட்டா எங்க பக்கம் ஒவ்வொரு ஊர்லயும் ஒரு சாமி கும்பிடு இருக்கும். முளைப்பாரி, பொங்கல், கிடாவெட்டுன்னு ரெண்டு மூணு நாள். ராத்திரிக்கு ஒரு நாள் நாடகம், ஒரு நாள் கிராமியக் கச்சேரி. ஊர்ப்பெரியவங்க வரி பிரிச்சு, முன்பணம் கொடுத்து, பார்ட்டியைப் பேசி முடிப்பாங்க. ஒரு பாடகர், ஒரு பாடகி, தவில், நாதஸ்வரம், பம்பை, உறுமி, டோலக். பின்னாடி வந்த காலத்துல கீபோர்டும் பேடும் சேர்ந்துக்கிச்சு. ராத்திரி பத்து மணிக்கு மேல சாமி பாட்டுல ஆரம்பிச்சா, முடியறப்ப சேவல் கூவும். தாலாட்டு, நடவுப்பாட்டு, காதல், கேலி, மாமியா மருமக சண்டை, ஒப்பாரி, நடுவுல கும்மி. எல்லாம் ஒரே ராத்திரியில, ஒரே தொண்டையில.

இதுல ஒரு கூத்து உண்டு. பாதிப் பாட்டுல எவனாவது மேடையேறி அம்பத்தொரு ரூபா குடுப்பான். உடனே பாட்டை நிறுத்தணும். இன்னார் மகன் இன்னார் அன்பளிப்புன்னு மைக்குல சொல்லணும். சொல்லிட்டு, அவன் பேரை அப்படியே அடுத்த அடியில வச்சு மெட்டு பிசகாம தொடரணும். குடிச்சுட்டு வந்து வம்பு பண்றவனைப் பாட்டாலயே கேலி பண்ணி உட்கார வைக்கணும். அவனுக்குக் கோபமும் வரக்கூடாது, கூட்டம் சிரிக்கவும் செய்யணும். முன்வரிசையில மணல்ல துண்டை விரிச்சு உட்கார்ந்திருக்கிற கிழவிக்கு அடுத்த ஒப்பாரியில கண்ணு கலங்கணும். எழுதி வச்ச வசனம் கிடையாது, டைரக்டர் கிடையாது, ரெண்டாவது டேக் கிடையாது.

இதுக்குப் பேரு நடிப்பு இல்லைன்னா வேற எதுக்குங்க நடிப்புன்னு பேரு?

முனியம்மா இந்தப் பள்ளிக்கூடத்துல படிச்சவங்க. கோயில் திருவிழா மேடை, கேசட்டு, அப்புறம் வெளிநாட்டுத் தமிழர் மேடைன்னு போன பயணம் அது. கோடம்பாக்கம் அவங்களைத் தேடி வந்தப்ப அவங்க புதுமுகம் இல்லை. புதுசா இருந்தது கேமரா மட்டும்தான்.

*

இப்ப 'தூள்' கதைக்கு வருவோம். 2003 பொங்கலுக்கு வந்த படம். தரணி டைரக்ஷன், வித்யாசாகர் இசை, விக்ரம், ஜோதிகா. ஊர்த்தண்ணியை ஒரு ஃபேக்டரி நாசம் பண்ணுதுன்னு நியாயம் கேட்டு கிராமத்துல இருந்து பட்டணத்துக்கு வர்ற கதை. கூடவே வர்ற பாட்டிதான் நம்ம ஆளு. கதைப்படி பார்த்தா அந்தப் பாட்டிக்குப் பெரிய வேலை ஒண்ணும் கிடையாது.

ஆனா அந்தச் சண்டைக் காட்சி! 'சிங்கம் போல' பாட்டு! ஹீரோ அடிக்கிறாரு, ஆளுங்க பறக்குறாங்க, அதெல்லாம் எல்லாப் படத்துலயும் இருக்கிறதுதான். ஹீரோவுக்குப் பின்னணி இசை வாசிக்க ஆர்கெஸ்ட்ரா இருக்கிற இடத்துல ஒரு கிழவி நின்னு பாடுது பாருங்க, அதுதான் அதுவரைக்கும் பார்க்காதது. அந்தச் சண்டையை விக்ரமும் ஸ்டண்ட் மாஸ்டரும் பாதி தூக்கி நிறுத்துனாங்கன்னா மீதி பாதி அந்தக் குரல். தியேட்டர்ல விசில் எதுக்கு வந்துச்சுன்னு பார்த்தவங்களுக்குத் தெரியும்.

அந்தக் காட்சியில அவங்க 'நடிச்சாங்க'ன்னு நான் சொல்லமாட்டேன். திருவிழா மேடையில என்ன செய்வாங்களோ அதையே செஞ்சாங்க. எதிர்ல நடக்கிறதைப் பார்த்துப் பாட்டுக் கட்டி, கூட்டத்தை ஏத்தி விடுற வேலை. சாமியாடிக்கு உறுமிக்காரர் ஏத்தி விடுவாருல்ல, அந்த மாதிரி. கிராமத்துல ஆயிரம் தடவை பண்ணுன வேலையை சினிமா ஒரே ஒரு தடவை சரியான இடத்துல வச்சுப் பார்த்துச்சு. பத்திக்கிச்சு.

சரி, பத்திக்கிட்டதும் சினிமா என்ன பண்ணியிருக்கணும்? 'அட, இந்தக் குரலுக்குள்ள இன்னும் என்னென்ன இருக்கு'ன்னு தேடியிருக்கணும். ஆனா நம்மாளுங்க தேடுனது குரலை இல்லை, கண்டாங்கிச் சேலையை. ஹீரோவுக்கு நெட்டி முறிக்கிற பாட்டி, திட்டுற பாட்டி, பழமொழி சொல்ற பாட்டி, குத்துப்பாட்டுல ஓரமா வந்து ரெண்டு ஆட்டம் போடுற பாட்டி. கிட்டத்தட்ட இதே அச்சுதான் படத்துக்குப் படம். மலையாளத்துலயும் தலைகாட்டுனாங்க. டிவியில கிராமத்துச் சமையல் செஞ்சு காட்டுனாங்க. ஆள் மாறலை, வேஷமும் மாறலை.

இந்த அச்சை சரியா கண்டுபிடிச்சு நக்கல் அடிச்சது ஒரே ஒரு படம். 2010ல வந்த சி.எஸ்.அமுதனோட 'தமிழ்ப் படம்'. ஹீரோ சிவாவை வளர்க்கிற பாட்டியா முனியம்மா வருவாங்க. படம் பூரா ஹீரோ தேடுற மர்ம வில்லன் 'டி' யாருன்னு பார்த்தா, கடைசியில அந்தப் பாட்டியேதான்! (பதினஞ்சு வருஷம் ஆச்சு, இன்னும் பார்க்காதவங்க என்னைத் திட்டாதீங்க.) தியேட்டரே சிரிச்சுச்சு. எதுக்குச் சிரிச்சோம்? அந்தப் பாட்டி கெட்டவளா இருக்கவே முடியாதுன்னு நம்ம மண்டைக்குள்ள அவ்வளவு ஆழமா பதிஞ்சு போயிருந்துச்சு. ஒரு நடிகையோட வேஷம் கேலிப்படத்துல பயன்படுற அளவுக்குத் தேஞ்சு போச்சுன்னா, அது அவங்களோட குத்தமா, அதையே திரும்பத் திரும்பக் குடுத்தவங்க குத்தமா? அந்தப் படத்துல அவங்க அசராம வில்லியா நின்னதைப் பார்த்தப்ப எனக்குத் தோணுச்சு: இந்தம்மாவுக்கு நிஜமாவே ஒரு வில்லி வேஷம் எவனாவது குடுத்திருக்கலாம்ல?

அப்புறம் 2014ல 'மான் கராத்தே'. அனிருத் இசையில சிவகார்த்திகேயனோட சேர்ந்து 'ராயபுரம் பீட்டரு' பாட்டு. தூள் வந்து பதினோரு வருஷம் கழிச்சும், ஹீரோவுக்கு பில்டப் குடுக்கணுமா, கூப்பிடு முனியம்மாவை. பாட்டு நல்லாத்தான் இருந்துச்சு, நானும் ரசிச்சேன். ஆனா பதினோரு வருஷத்துல சினிமா அவங்ககிட்ட இருந்து புதுசா ஒண்ணையும் கேட்கலைங்கிறதுக்கு அந்தப் பாட்டே சாட்சி. தாலாட்டு எங்கே? ஒப்பாரி எங்கே? நடவுப்பாட்டு எங்கே? எல்லாம் அவங்க தொண்டைக்குள்ளேயே இருந்துச்சு. யாரும் கேட்கலை.

*

இது ஒருத்தருக்கு மட்டும் நடந்த கதைன்னு நினைச்சா அதுவும் இல்லை. மதுரைக்குக் கிழக்கே சிவகங்கைச் சீமையில காளையார்கோவில் பக்கம் கொல்லங்குடி. அந்த ஊர்க் கருப்பாயி அம்மாவை 1985ல பாண்டியராஜன் 'ஆண் பாவம்' படத்துக்குக் கூட்டிட்டு வந்தாரு. அங்கேயும் பாட்டி வேஷம்தான். ஆனா இளையராஜா அந்தக் குரலைப் படத்துல நல்லாவே பயன்படுத்தியிருப்பாரு. பார்த்தவங்களுக்கு அந்தப் பாட்டியை மறக்கவே முடியாது. அதுக்கப்புறம்? எப்பவாவது ஒரு படம், அவ்வளவுதான். கலைமாமணி வாங்குனாங்க. 2023 ஜூன்ல, நூறு வயசை நெருங்கி காலமானாங்க. அன்னைக்கும் செய்தி என்ன? 'ஆண் பாவம் பட நடிகை காலமானார்'.

1985க்கும் 2003க்கும் நடுவுல பதினெட்டு வருஷம். ஒரே வைகைக் கரைச் சீமை, ஒரே மாதிரி குரல், ஒரே மாதிரி வேஷம், கடைசியில ஒரே மாதிரி செய்தி. நம்ம சினிமாவுக்கு தெம்மாங்கு பாடுற பொம்பளைன்னா பாட்டி. அவ்வளவுதான் அகராதி. அவங்க இளவட்டமா இருந்தப்ப எந்த கேமராவும் அந்தப் பக்கம் போகலை. தலை நரைச்ச பின்னாடி 'ஆகா, என்ன ஒரு மண்வாசனை'ன்னு வந்து நிக்குறோம்.

இங்கே ஒரு எதிர்வாதம் வரும். வந்தே ஆகணும். 'சினிமா இல்லைன்னா பரவை முனியம்மாவை உனக்கே தெரிஞ்சிருக்குமாய்யா? நீ பதிவு எழுதியிருப்பியா?' நியாயமான கேள்வி. ஒரு மூணு நிமிஷப் பாட்டு பல வருஷத்து மேடை குடுக்காத பேரைக் குடுத்துச்சுங்கிறது சத்தியமான உண்மை. சினிமா முகம்னா திருவிழா கமிட்டிக்காரங்க கூடுதலா ரெண்டு ரூபா பேசுவாங்க, நோட்டீஸ்ல பேரு கொட்டை எழுத்துல வரும், வெளிநாட்டுல இருந்து கூப்பிடுவாங்க. இதையெல்லாம் இல்லைன்னு சொன்னா நான் பொய்யன்.

ஆனா யோசிச்சுப் பாருங்க. சினிமாவுல காட்டுனாத்தான் கண்ணுக்குத் தெரியும்னா அது சினிமாவோட பெருமையா, நம்ம கண்ணோட கோளாறா? தவிர, சினிமா அடையாளம் காட்டுறதுலயும் ரெண்டு விதம் இருக்கு. பக்கத்துல கேரளாவைப் பாருங்க. 'அய்யப்பனும் கோஷியும்' 2020ல வந்துச்சு. அட்டப்பாடியில இருந்து நஞ்சியம்மான்னு ஒரு இருளர் இன மூதாட்டி. அந்தப் படத்துல சின்ன வேஷத்துல நடிச்சாங்க, தன் சொந்த மொழியில பாடுனாங்க. 2022ல அறிவிச்ச தேசிய விருதுல சிறந்த பின்னணிப் பாடகி அவங்கதான். முறையா சங்கீதம் படிக்காதவங்களுக்கு எப்படிக் குடுக்கலாம்னு ஒரு சர்ச்சைகூட கிளம்புச்சு. இருந்தாலும் விருது அவங்க குரலுக்குத்தான் போச்சு. 'அந்தப் படத்துல வந்த பாட்டி'ன்னு இல்லாம 'பாடகி நஞ்சியம்மா'ன்னு நாடே சொல்லுச்சு.

இன்னும் தள்ளிப் போனா க்யூபா. இப்ராஹிம் ஃபெரர்னு ஒரு பாடகர். பாட்டை விட்டுட்டு ஷூவுக்கு பாலீஷ் போட்டுப் பொழைச்சுக்கிட்டு இருந்தவரு. 1997ல வந்த 'புயனா விஸ்டா சோஷியல் கிளப்' ஆல்பத்துல அவரைப் பாட வச்சாங்க. விம் வெண்டர்ஸ் 1999ல அதையே ஆவணப்படமா எடுத்தாரு. ஃபெரர் பேர்லயே தனி ஆல்பம் வந்துச்சு. 2000ல லத்தீன் கிராமி விருதுல சிறந்த புதுக் கலைஞர் பரிசு. எழுபது வயசைத் தாண்டுன புதுக் கலைஞர்! அங்கே அந்தக் கிழவரைக் கூட்டிட்டு வந்து எந்த ஹீரோ பின்னாடியும் நிக்க வைக்கலை. அவர் என்ன பாடுவாரோ அதையே மைக் முன்னாடி பாட விட்டாங்க.

எங்க கேள்வி இவ்வளவுதான். முனியம்மாவை ஒரு நல்ல ஸ்டுடியோவுல உட்கார வச்சு, ஒரு ராத்திரிக் கச்சேரியை அப்படியே முழுசா பதிவு பண்ணி, அவங்க பேர்ல வெளியிட நம்ம ஊர்ல பணம் இருந்த ஒருத்தருக்குக்கூடத் தோணலையே, ஏன்?

*

சரி, காசு விஷயம். இதைப் பேசாம கலையைப் பத்தி மட்டும் பேசுறது ஏமாத்து வேலை.

2015ல முனியம்மா உடம்புக்கு முடியாம, கையில காசில்லாம கஷ்டப்படுறாங்கன்னு செய்தி வந்துச்சு. அப்போதைய முதல்வர் ஜெயலலிதா ஆறு லட்சம் ரூபாயை அவங்க பேர்ல வங்கியில போட்டு, அதோட வட்டி மாசாமாசம் கிடைக்கிற மாதிரி உத்தரவு போட்டாங்க. திரையுலகத்துல இருந்தும் சிலர் உதவுனாங்க. உதவுன அத்தனை பேருக்கும் கும்பிடு. ஆனா உதவி வேற, உரிமை வேற.

மேடைப் பாட்டுக்காரங்க சம்பளம் ராத்திரிக் கணக்கு. தொண்டை இருக்கிற வரைக்கும் காசு. வர்ற தொகையில வேன் வாடகை, வாத்தியக்காரங்க பங்கு எல்லாம் போகத்தான் மிச்சம். சீசன் சித்திரை வைகாசி. ஆவணி புரட்டாசியில அடுப்பு எரியணும்னா கடன்தான். பி.எஃப் கிடையாது, பென்ஷன் கிடையாது. சினிமாவுல சின்ன வேஷம்னா அதுவும் நாள் கணக்குச் சம்பளம். வேலை முடிஞ்சா கவர் வாங்கிட்டு ஊருக்கு பஸ் ஏறணும். அந்தப் பாட்டு மட்டும் டிவியில, எஃப்எம்மில, செல்போன் ரிங்டோன்ல, இப்ப யூட்யூப்ல ஓடிக்கிட்டே இருக்கும்.

2012ல காப்புரிமைச் சட்டத்தைத் திருத்துனாங்க. பாட்டு எழுதுறவங்களுக்கும் இசையமைக்கிறவங்களுக்கும் மட்டுமில்லாம, பாடுறவங்களுக்கும் ராயல்டியில பாத்தியதை உண்டுன்னு அதுல வந்துச்சு. அடுத்த வருஷமே பாடகர்கள் சேர்ந்து தங்களுக்குன்னு ஒரு உரிமைச் சங்கம் ஆரம்பிச்சாங்க. ரொம்ப நல்ல விஷயம். ஆனா அது மும்பையிலயும் சென்னையிலயும் வக்கீல் வச்சுப் பேசத் தெரிஞ்சவங்க உலகம். பரவையில வாசல் திண்ணையில உட்கார்ந்திருக்கிற அம்மாகிட்ட 'இப்படி ஒரு சட்டம் இருக்கு, இங்கே கையெழுத்துப் போடு ஆத்தா'ன்னு சொல்ல ஆள் வேணும்ல? அதே மாதிரி 2007ல தமிழ்நாடு அரசு நாட்டுப்புறக் கலைஞர்களுக்குன்னு நல வாரியம் அமைச்சுச்சு. வாரியம் இருக்கு. ஆனா கலைஞர் அட்டை வாங்கணும், புதுப்பிக்கணும், விண்ணப்பம் போடணும். ராத்திரி பூரா பாடிட்டுப் பகல்ல தூங்குற ஜனம் ஆபீஸ் நேரத்துக்கு எப்படிப் போகும்? இருக்கிற சலுகையை வாங்கிக் குடுக்கவே ஊருக்கு ஒரு ஆள் தேவைப்படுது.

கலைமாமணி? பல வருஷத்துப் பாக்கியைச் சேர்த்து 2019ல ஒரு பெரிய பட்டியல் வெளியிட்டாங்கல்ல, அதுல அவங்க பேர் வந்துச்சு. விருது வந்த அடுத்த வருஷமே ஆளு போயாச்சு. தூள் வந்து பதினாறு வருஷம் கழிச்சு, மேடை ஏற முடியாம உடம்பு தளர்ந்த பின்னாடி. நம்ம ஊர்ல மரியாதைக்கு எப்பவுமே பஸ் லேட்டு.

*

புலம்பிட்டுப் போனா இது வெறும் மொக்கைப் பதிவு ஆயிடும். அதனால கையில இருக்கிற நாலு வேலையைச் சொல்றேன். அரசாங்கம் செய்யணும், சினிமாக்காரங்க செய்யணும்னு இல்லை. நம்மால முடிஞ்சது.

ஒண்ணு, கேசட்டு. மதுரைப் பக்கம் எம்பதுகள்லயும் தொண்ணூறுகள்லயும் வந்த கிராமியப் பாட்டுக் கேசட்டுங்க பழைய டேப் ரெக்கார்டர் கூடவே பரண்ல கிடக்கு. நாடா பூஞ்சை பிடிச்சா அவ்வளவுதான். யார் வீட்டுலயாவது இருந்தா தூக்கிப் போடாதீங்க. கணினியில ஏத்தி வைங்க. உறையில பாடுனவங்க பேர் இருந்தா அதையும் படம் பிடிச்சு வைங்க. பாட்டு கிடைக்கும், பேர் கிடைக்காது, அதுதான் இதுல பெரிய நஷ்டம்.

ரெண்டு, திருவிழா. நம்ம ஊர் கமிட்டியில நமக்கும் ஒரு வாய் இருக்கு. சினிமாப் பாட்டு ஆர்கெஸ்ட்ராவுக்கு ஒரு லட்சம் குடுக்கிற ஊரு, தெம்மாங்குக்காரங்ககிட்ட அஞ்சாயிரத்துக்குப் பேரம் பேசுது. வருஷத்துல ஒரு ராத்திரியாவது கிராமியக் கச்சேரிக்கு ஒதுக்குங்கன்னு கேட்கலாம். பேசுன தொகையை மேடையை விட்டு இறங்கறதுக்கு முன்னாடி குடுங்கன்னும் கேட்கலாம்.

மூணு, வயக்காடு. சோழவந்தான், வாடிப்பட்டிப் பக்கம் பெரியாறு வாய்க்கால் பாயுற வயல்ல இப்ப நடவு மெஷின் இறங்கிடுச்சு. அதைக் குறை சொல்லமாட்டேன். குனிஞ்சு நட்டவங்களுக்குத்தான் இடுப்பு வலி தெரியும். ஆனா மெஷின் வந்த வயல்ல நடவுப்பாட்டு இருக்காது. அந்தப் பாட்டு இன்னைக்கு நம்ம அப்பத்தாக்கள், அம்மாச்சிகள் வாயில மட்டும்தான் இருக்கு. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்துல இருந்த விஜயலட்சுமி நவநீதகிருஷ்ணன் அம்மா ஊரூராப் போய் இந்தப் பாட்டுகளைச் சேகரிச்சுப் பாடுனவங்க. 2018ல பத்மஸ்ரீ வாங்குனாங்க. அவங்க காலத்துல டேப் ரெக்கார்டரைத் தூக்கிட்டு அலைஞ்சாங்க. இப்ப நம்ம எல்லார் சட்டைப் பையிலயும் ரெக்கார்டர் இருக்கு. அடுத்த தடவை ஊருக்குப் போறப்ப பிரியாணியைப் படம் பிடிக்கிற அந்த அஞ்சு நிமிஷத்துல ஒரு பாட்டைப் பதிவு பண்ணிடலாம்.

நாலாவது, நம்ம ஜாதித் தொழில், அதாவது எழுதுறது. உங்க ஊர்ல ஒரு முனியம்மா கட்டாயம் இருப்பாங்க. கச்சேரிக்காரரோ, நாடக ராஜபார்ட்டோ, உறுமி அடிக்கிறவரோ, ஒப்பாரிக்குக் கூப்பிடுற அம்மாவோ. எந்தப் படத்துலயும் ஒரு சீன்லகூட வந்திருக்க மாட்டாங்க. அவங்களைப் பத்தி ஒரு பதிவு எழுதுங்க. எப்ப பாட ஆரம்பிச்சாங்க, யார்கிட்ட கத்துக்கிட்டாங்க, ஒரு ராத்திரிக்கு என்ன கிடைச்சுச்சு, எந்த ஊர்ல மரியாதை குடுத்தாங்க, எந்த ஊர்ல காசைக் குடுக்காம விரட்டுனாங்க, இதையெல்லாம் அவங்க வாயாலேயே கேட்டு எழுதுங்க. அவங்களுக்கு சம்மதம்னா பேரோட எழுதுங்க. அவங்க உயிரோட இருக்கிறப்பவே எழுதி, அவங்களுக்கே வாசிச்சும் காட்டுங்க. இரங்கல் பதிவு எழுத நம்மகிட்ட ஆளுக்குப் பஞ்சமே இல்லை.

நாளைக்கு அவங்க போறப்ப 'இன்ன பட நடிகை'ன்னு எழுத ஒரு படமும் இருக்காதுல்ல. அப்ப என்னன்னு எழுதுறது? 'பாடகி'ன்னு எழுதலாம். அதுவே போதும்.

டிஸ்கி 1: முனியம்மாவோட பழைய கேசட்டு எதுவும் யார்கிட்டயாவது இருந்தா பின்னூட்டத்துல ஒரு வார்த்தை சொல்லுங்க. பிரதி எடுத்துக்கிட்டு பத்திரமா திருப்பித் தர்றது என் பொறுப்பு.

டிஸ்கி 2: 'பறவை'ன்னு எழுதிப் பின்னூட்டம் போடுறவங்க சித்திரைத் திருவிழாவுக்கு மதுரை வந்தா ஜிகர்தண்டா அவங்க செலவு :-)